பிளாரன்ஸில் வலம்

12-7-1996, வெள்ளி

தி. நகர் கல்யாண வரவேற்பில், போன மாதம் இத்தாலியில் நடந்ததை என் மகன் கண்ணன் பந்தி முழுக்கக் கேட்கும்படி சொன்னான். "பிளாரன்ஸ்ல ஒரு கைடு பொண்ணு எங்க சின்னக் கோஷ்டியை மாதா கோயிலைச் சுத்தி அழைச்சிண்டு போறா. அப்பா மட்டும், 'இது அப்பிரதட்சிணம், நான் வரமாட்டேன்'னு எதிர்ப்பக்கமா நடந்துட்டார். தேடாத இடமில்லை."

என்ன தேடினான்? நான் வலமாக வந்தேன். கோயிலின் பின்புறம் அவர்களே எதிரே வந்தார்கள். அத்தனை பேர் முன்னால் என் கையைப் பிடித்து இழுத்தான். அதைச் சொல்லவில்லை.

"அடுத்த தடவை அம்மாவை மட்டும் அழைச்சிண்டு போறேன்" என்றான். அவளும் எல்லாரோடும் சேர்ந்து சிரித்தாள்.

யார் கோயிலானால் என்ன, இடமாகச் சுற்ற என்னால் ஆகாது. மறுபடி கூப்பிட்டாலும் வலமாகத்தான் வருவேன்.

கூப்பிட மாட்டான்.