விரதம் முடியட்டும் என்று வைத்த குளிசை

மாமா,

கடல் கடந்து நாங்கள் இருக்கும் இந்த டார்னெய்ட்டில் இன்று மழை. எங்கள் தெரு முடிவில் புது வீடுகளுக்காக நிலத்தைத் தோண்டிப் போட்டிருக்கிறார்கள். பள்ளிக்கூடத்தால் வரும்போது அந்தக் களிமண் என் சப்பாத்தில் அப்பிவிட்டது. வாசலில் குந்தியிருந்து சுரண்டும்போது உங்கள் வயலின் மணம் வந்தது. முன்பென்றால் ஆசையாக மணந்து பார்த்திருப்பேன். இன்று உள்ளே ஓடிப்போய்ச் சவர்க்காரம் போட்டுத் திரும்பத் திரும்பக் கை கழுவினேன்.

போன மார்கழியில் அம்மாவும் நானும் கிளிநொச்சிக்கு வந்திருந்தபோது நெற்பயிர் முழங்காலளவு நின்றது. மழை விடவேயில்லை. நீங்கள் வரம்பை வெட்டி, தேங்கிய வெள்ளத்தை வாய்க்காலுக்குள் விட்டீர்கள். நான் குடையும் புத்தகமுமாகப் பின்னால் வந்தேன். "வரம்பில வாசிச்சுக்கொண்டு நடந்தியெண்டால் தவளைதான் சிரிக்கும்" என்றீர்கள்.

அன்று சுகாதாரப் பரிசோதகர் வீட்டுக்கு வந்து குளிசைகள் தந்தார். "அண்ணை, வெள்ளத்தில எலியின்ர மூத்திரம் கலந்திருக்கும். வயலுக்குள்ள இறங்குற ஆக்கள் கிழமைக்கு ஒருக்கா இதைப் போடோணும். எலிக்காய்ச்சல் பொல்லாதது."

"ஓம் தம்பி. வெறுவயித்தில போட்டால் எரியும். பிள்ளையார் விரதம் முடியட்டும்."

நீங்கள் மத்தியானம் ஒருநேரம் மட்டும் சாப்பிட்டு விரதம் பிடித்துக்கொண்டிருந்தீர்கள். அந்தச் சாப்பாட்டோடும் மருந்து எடுக்க மனம் வரவில்லை; விரதத்துக்குக் குறை வந்துவிடுமாம். "எலிக்கும் இவருக்கும் பங்குவயல், ஒண்டும் செய்யாது" என்று மாமி பகிடி விட்டா. எல்லோரும் சிரித்தோம். குளிசைப் பக்கெற்றைச் சாமிப் படத்தடியில் வைத்தீர்கள்.

விரதம் முடியுமுன்பே காய்ச்சல் வந்தது. மழையில் நனைந்த காய்ச்சல் என்று மாமி கொத்தமல்லி அவித்துத் தந்தா. கெண்டைக்கால் உளைவதை வரம்பு வெட்டிய உளைவு என்றீர்கள். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது உங்கள் சிறுநீரகங்கள் வேலை செய்வதை நிறுத்தியிருந்தன. "பிந்திப் போச்சு" என்று டொக்டர் மெல்லச் சொன்னார். அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றா. நீங்கள் எங்களை விட்டுப் போன பிறகுதான் எலிக்காய்ச்சலைப் பற்றி இங்குள்ள நூலகத்தில் தேடித் தேடி வாசித்தேன். வாசிக்க வாசிக்கப் பயம் கூடியதே தவிரக் குறையவில்லை.

இந்த முறை வயலை மாமிதான் விதைத்திருக்கிறா. பின்னேரம் ஆறு மணிபோல அம்மாவும் நானும் வீடியோவில் அழைத்தோம். அங்கே மத்தியானம். வயலால் வந்து வாசலில் நின்றா, முழங்கால்வரை சேறு.

"மாமி, குளிசை போட்டனீங்களோ?"

"தந்தவை பிள்ளை. விரதம் முடியட்டும்."

அதே சொற்கள்.

"சாப்பாட்டோட போடலாம் மாமி. இப்பவே போடுங்கோ."

"உன்ர மோளெல்லோ எனக்கு விரதம் படிப்பிக்கிறாள்" என்றா மாமி, அம்மாவைப் பார்த்து.

அம்மா என் தோளை அழுத்தினா. "பெரியாக்களோட உப்பிடிக் கதைக்கக் கூடாது."

"மாமாவும் உப்பிடித்தானே சொன்னவர்" என்றேன்.

மாமி போனை எங்கோ சாத்திவைத்துவிட்டு, கால் கழுவி வந்து, அன்றைய ஒருநேரச் சோற்றைப் போட்டுச் சாப்பிட்டா. பிறகு குளிசையை விழுங்கித் தண்ணீர் குடித்தா. "பிள்ளையார் கேட்டால் உன்ர பேரைத்தான் சொல்லுவன்" என்றபோது அவவின் முகத்தில் சிரிப்பு இருந்தது. எனக்குச் சிரிக்க முடியவில்லை.

நீங்கள் போன நாளிலிருந்து இந்தப் பயம் என்னோடேயே இருக்கிறது, மாமா. பள்ளிக்கூடத்தில் கதைத்துக்கொண்டிருக்கும்போதும் வந்துவிடும். மனதைத் தேற்ற அம்மா எவ்வளவோ சொல்கிறா. ஆனால் இந்தப் பயம்தான் இன்று மாமியைக் குளிசை போட வைத்தது; இதை விட்டுவிட எனக்கு விருப்பமில்லை. அங்கே இன்னும் மழை பெய்கிறதாம். நாளைக்கும் மாமி வயலுக்குள் இறங்குவா.