சைக்கிள் நிற்கிற மூலை

அன்புள்ள எழில் அக்காவுக்கு,

இதை யாரிடமும் காட்டாதே. மாமாவிடம்கூட வேண்டாம். படித்ததும் அடுப்பில் போட்டுவிடு. என் போனைச் சித்தப்பா வாங்கி வாங்கிப் பார்க்கிறார். நடவுக்கு வரும் ஈஸ்வரி அக்கா நாளைக்குக் குத்தாலம் வருகிறார். அவரிடம்தான் கொடுத்தனுப்புகிறேன்.

குறுவை நட்டாகிவிட்டது. வாய்க்காலில் தண்ணீர் நன்றாக வருகிறது. அம்மாவுக்கு முட்டிவலி பரவாயில்லை.

நீ மதி மாமாவோடு போன மறுமாதமே, அப்பா சிங்கப்பூரிலிருந்து சொல்லி ஹாலில் கேமரா மாட்ட வைத்தார். அப்பா அங்கே போனில் தொட்டால் அது இங்கே தலையைத் திருப்பும். அப்பா அங்கிருந்து பேசினால் இங்கே கேட்கும். அம்மா இப்போது அடுப்படியில் நின்றுகொண்டேதான் சாப்பிடுகிறாள். அந்த இடம் அதற்குத் தெரியாது. போன வாரம் ஈஸ்வரி அக்கா கேமராவைப் பார்த்துக் கும்பிட்டு, "சிங்கப்பூர் மொதலாளி, கூலியக் கொஞ்சம் ஏத்திக் குடுங்க" என்றார். அம்மா சிரித்துவிட்டாள். உடனே மேலேயிருந்து, என்ன சிரிப்பு என்று அப்பா கேட்டார். அதற்கப்புறம் அம்மா சிரிக்கவில்லை.

எனக்கும் என்னவோ ஆகிவிட்டது அக்கா. பள்ளிக்கூடக் கழிவறையில்கூட முதலில் மேலே பார்க்கிறேன். டீச்சர் என் பெயரைச் சொன்னால், தெரிந்த கணக்குக்கும் விடை வாயில் வரவில்லை. தனியாக இருக்கும்போதும் கையை மடியில் வைத்து நல்ல பிள்ளையாக உட்கார்ந்திருக்கிறேன்.

நான் படுக்கிற அறையில் மட்டும்தான் கேமரா இல்லை. ஞாயிற்றுக்கிழமை சித்தப்பா இங்கேயும் மாட்டப்போகிறார். வேண்டாமே என்று அம்மா கெஞ்சினாள். ஒருத்தி போனது போதாதா என்று அப்பா போனை வைத்துவிட்டார்.

ஒன்று உனக்குத் தெரியாது. நாங்கள் படுத்த பிறகு ஹால் கேமரா கர்ரென்று திரும்பும் சத்தம் கேட்கும். ஒருநாள் தண்ணீர் குடிக்கப் போனபோது பார்த்தேன். ஹாலில் உன் சைக்கிள் நிற்கிற மூலையைப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் திரும்பி வரும்போதும் அங்கேயேதான் இருந்தது. சைக்கிளை விற்கலாம் என்று சித்தப்பா சொன்னதற்கு, அது அங்கேயே கிடக்கட்டும் என்றாராம் அப்பா.

அதனால்தான் கேட்கிறேன். ஞாயிற்றுக்கிழமைக்குள் ஒரு தடவை வா. எதுவும் பேச வேண்டாம். சைக்கிள் பக்கத்தில் போய் நில். அப்பா திட்டினால் திட்டட்டும். நீ அழாமல்

கதவு தட்டுகிறது. அம்மாதான். கதவுக்கு அடியில் வெளிச்சம் தெரிகிறதாம், தேனு இன்னும் என்ன செய்கிறாள் என்று அப்பா கேட்கிறாராம். அக்கா, வந்து