வடக்கே வைத்த கோன்

அன்புள்ள மகள் மாரிசெல்விக்கு அம்மா எழுதுவது. ஆண்டாள் தாயார் புண்ணியத்தில் எனக்கும் அப்பாவுக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை, நீயும் அந்தக் குளிரில் சுகமாக இருப்பாய் என்று நம்பிக்கொண்டுதான் பேனாவை எடுத்திருக்கிறேன். எதையும் எழுதி வைத்தால்தான் எனக்கு மனசு ஆறும் என்பது உனக்குத் தெரியும், அதனால் இந்த நேரம் இங்கே யார் யார் இருக்கிறோம் என்பதை முதலில் எழுதிவிடுகிறேன். ராஜபாளையம் அறிவியல் கூடத்தின் பெரிய ஹாலில் நான், அப்பா, டிக்கெட் கொடுத்துப் பெருக்கியும் வைக்கிற செல்லக்கனி, தளவாய்புரத்திலிருந்து வந்திருக்கிற சுடலையம்மாள், ஆக நான்கு பேர். வேறு ஆள் இல்லை. கரண்டும் இல்லை. மாதாந்திரப் பராமரிப்பு என்று காலையிலேயே நிறுத்திவிட்டார்கள், சாயங்காலம்தான் வருமாம். போனில் பேசினால் அப்பா காதில் விழும். உன்னிடம் உதவி கேட்பது அவர்களுக்குப் பிடிக்காது. அதனால் டிக்கெட் மேஜையில் உட்கார்ந்து வந்தவர் கணக்கு எழுதுகிற மாதிரி இதை எழுதுகிறேன், செல்லக்கனி தன் போனில் படம் பிடித்து உனக்கு அனுப்புவாள்.

நீ வேலை பார்க்கிற மியூசியத்தில் உச்சியிலிருந்து தொங்குகிற ஊசல் குண்டை வீடியோவில் காட்டினாயே, அன்றைக்குப் பிடித்ததுதான் அப்பாவுக்கு. ரிட்டயர் ஆன வாத்தியார் வீட்டில் சும்மா இருக்க வேண்டியதுதானே என்று ஊரே சொல்லியும் கேட்காமல், நவநீதகிருஷ்ணன் அண்ணாச்சியின் பழைய பஞ்சுக் கிட்டங்கியை இரவலாக வாங்கி இந்த அறிவியல் கூடத்தை ஆரம்பித்து, அதன் உயரமான கூரையில் கம்பி கட்டிக் குண்டைத் தொங்கவிட்டார்கள். நீ அனுப்பிய காந்தம்தான் கரண்டில் ஓடி அதன் வீச்சு குறையாமல் பார்த்துக்கொள்கிறது. குண்டு தன் போக்கில் ஆடுகிறது, அடியில் பூமிதான் திரும்புகிறது, அதனால்தான் சுற்றி வட்டமாக நிறுத்தியிருக்கிற குச்சிகள் குண்டு பட்டு ஒவ்வொன்றாக விழுகின்றன என்று எனக்கு அடுப்படியில் கரண்டியைத் தொங்கவிட்டுக் காட்டினார்கள். உங்கள் ஊரில் சட்டுச் சட்டென்று விழுவது இங்கே ஒன்று விழ அரைநாள் ஆகிற மாதிரி இருக்கிறது. முதலில் கம்பியில்தான் கோளாறு என்று அப்பா இரண்டு தடவை கழற்றி மாட்டினார்கள், பிறகு நாம் பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் இருப்பதால் இப்படித்தான் இருக்கும் என்று கணக்குப் போட்டுப் பார்த்த பிறகுதான் ராத்திரி தூங்கினார்கள். இதெல்லாம் நீ அறிந்ததுதான். ஆனால் அதற்குப் பிறகு நடந்ததை நாங்கள் இருவருமே உன்னிடம் சொல்லவில்லை.

ஆரம்பத்தில் ஆளே வரவில்லை. பள்ளிக்கூடத்திலிருந்து எப்போதாவது ஒரு வேன் வரும், பிள்ளைகள் எலும்புக்கூட்டோடு போட்டோ எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். பார்க்கிறவர்கள் கையால் ஏதாவது செய்தால்தான் மனசில் நிற்கும் என்று அப்பா ஒரு யோசனை செய்தார்கள். மில்லில் நூல் சுற்றுகிற அட்டைக் கோன்கள் இருக்கிறதே, கூம்பு கூம்பாக, ரோஸும் பச்சையுமாக, அதில் காலியானவற்றை ஒரு மூட்டை வாங்கி வந்து, ஆளுக்கொரு கோனில் பேரை எழுதி வட்டத்தில் வைக்க வேண்டியது, எப்போது விழும் என்று ஊகித்துச் சொல்ல வேண்டியது என்று ஏற்பாடு செய்தார்கள். என் பங்குக்கு நானும் ஒன்று செய்தேன். ஆயுத பூஜை அன்று மில்லில் எந்திரத்துக்கெல்லாம் வைக்கிறதுதானே என்று குண்டுக்குச் சந்தனம் பூசிக் குங்குமம் வைத்து அடியில் எலுமிச்சம்பழமும் வைத்தேன். அப்பா சிரித்துக்கொண்டு, வைத்துக்கொள், அதற்காகப் பூமி நிற்கப் போவதில்லை என்றார்கள். அடுத்த வாரமே சேத்தூரிலிருந்து வந்த ஒரு அம்மாள் மகன் பேரைக் கோனில் எழுதி வைத்தாள். கோன் விழுந்த அன்றைக்கே அவனுக்கு மாறுதல் உத்தரவு வந்துவிட்டதாம். அவ்வளவுதான். இப்போது செவ்வாயும் வெள்ளியும் பார்த்தால் நீ நம்ப மாட்டாய், வாசலில் சூடம் கொளுத்துகிறார்கள், குண்டுக்கு மல்லிகைச் சரம் சுற்றுகிறார்கள், அப்பா ஓடி ஓடி அதை அவிழ்க்கிறார்கள். லென்ஸையும் பம்பையும் ஒருத்தரும் திரும்பிப் பார்ப்பதில்லை. இது குறி சொல்லும் குண்டு அல்ல, பூமி சுழல்வதைக் காட்டும் கருவி என்று அப்பா பெரிய எழுத்தில் ஒரு போர்டு எழுதி வைத்தார்கள். வருகிறவர்கள் அந்தப் போர்டைத் தொட்டும் கண்ணில் ஒற்றிக்கொள்கிறார்கள். செல்லக்கனிக்கு வாய் சும்மா இருக்குமா, “சார், அதுக்கும் ஒரு பொட்டு வச்சிட்டா வாசிக்கத் தெரியாதவியளும் வாசிச்ச மாதிரி ஆயிரும்” என்றாள். அப்பா அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அண்ணாச்சிக்குப் பரம சந்தோஷம். ஆள் வரவில்லை என்று அழுதீர்கள், இப்போது ஆள் வருகிறது என்று அழுகிறீர்களே சார் என்று கேலி செய்துவிட்டு, குண்டைச் சுற்றிக் கம்பிவேலி போட்டு முன்னால் ஒரு உண்டியல் வைக்கலாம் என்கிறார். மனமில்லை என்றால் சாவியைக் கொடுத்துவிடுங்கள் என்பதையும் சிரித்த முகத்தோடுதான் சொன்னார். அவரை எப்படிக் குறை சொல்ல, இத்தனை நாள் இடம் கொடுத்தவர். வில்லிபுத்தூர் வீட்டுக்குத் திரும்புகிற பஸ்ஸில் அப்பா, நான் இத்தனை வருஷம் என்னத்தைச் சொல்லிக்கொடுத்தேன் என்று கேட்டார்கள். யாரைக் கேட்டார்கள் என்று தெரியவில்லை, ஜன்னல் பக்கம் பார்த்துத்தான் கேட்டார்கள். நான் சாமி கும்பிடுகிறவள், ஆனாலும் அந்தக் குண்டு சாமி இல்லை என்பது எனக்குத் தெரியும். அதை அந்தப் பெண்கள் முகத்துக்கு நேரே சொல்லத்தான் எனக்கு நாக்கு எழவில்லை.

நேற்று ஞாயிற்றுக்கிழமை காலையில் கதவைத் திறக்கும்போதே சுடலையம்மாள் வாசலில் நின்றாள். என் வயசுதான் இருக்கும். ஒரே மகன் பாண்டிதுரை பட்டாளத்தில், வடக்கே பனிமலைப் பக்கம். பொங்கலுக்குப் பேசியதோடு சரி, அதற்குப் பிறகு போன் இல்லை. கேட்டால் டூட்டியில் இருக்கிறார் என்று மட்டும் சொல்கிறார்களாம். ஒரு பச்சைக் கோனில் அவன் பேரை செல்லக்கனியை எழுதச் சொல்லி, திசை கேட்டுக்கொண்டு நேர் வடக்கே கொண்டுபோய் வைத்தாள். அப்பா எப்போதும் காலையில் குண்டைக் கிழக்கு மேற்காக இழுத்துவிடுவார்கள், பூட்டுவதற்குள் அது நாலைந்து கோனைத் தள்ளுவதே பெரிய காரியம். வடக்கே இருப்பது அன்றைக்கு விழவே விழாது. அப்பா பொறுமையாகத் தரையில் சாக்பீஸால் கோடு போட்டு விளக்கி, இங்கே மாற்றி வையுங்கள் அம்மா, மத்தியானத்துக்குள் விழுந்துவிடும் என்றார்கள். அதற்கு அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். “எம்பிள்ள அங்கன இல்லையே சார். அவன் இருக்கது வடக்கதான. நான் செத்த நேரம் இருந்து பாத்துக்கிடுதேன்.”

செத்த நேரம் என்றவள் பொழுது சாய்ந்தும் எழுந்திருக்கவில்லை. நான் கொண்டுபோன தயிர்சாதத்தைக் கொடுத்தால் வாங்கிப் பக்கத்தில் வைத்துக்கொண்டாள், அவ்வளவுதான். பூட்டுகிற நேரம் அப்பா சாவியைக் கையில் வைத்துக்கொண்டு அவளையும் குண்டையும் மாறி மாறிப் பார்த்தார்கள். பிறகு சாவியைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு, நிறுத்தாமல் விட்டால் நாளை ராத்திரிக்குள் அது வடக்கே வந்துவிடும், மகள் அனுப்பிய காந்தம் வேலை செய்கிறவரை குண்டு நிற்காது என்றார்கள். சாமியாடுகிறவர்களைக் கண்டால் எழுந்து போகிற மனுஷர், ஒரு தாய்க்காகக் குண்டுக்குக் காவல் இருந்தார்கள். வீட்டுக்குப் போகவில்லை நாங்கள். விடிகிறபோது பாதித் தூரத்துக்கு மேல் திரும்பியிருந்தது. அப்பா முகத்தில் அந்தக் களையைப் பார்த்து எவ்வளவு நாள் ஆகிறது தெரியுமா. சுடலையம்மாளுக்கு டீ வாங்கிக் கொடுத்து, பூமி எப்படித் திரும்புகிறது என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள், அவளும் தலையாட்டிக் கேட்டாள், அங்கே அவன் நிற்கிற மலையும் சேர்ந்துதான் திரும்புகிறதா சார் என்று ஒரு கேள்வியும் கேட்டாள். ஆமாம் என்றார்கள். அப்போதுதான் கரண்ட் போனது. இன்றைக்கு நிறுத்துவார்கள் என்று பேப்பரில் போட்டிருக்கிறார்கள், எங்கள் யாருக்கும் அதைப் பார்க்கத் தோன்றவில்லை.

இப்போது வீச்சு குறைந்துகொண்டே வருகிறது. முன்பு கோனை உரசிப் போன குண்டு இப்போது ஒரு முழம் தள்ளியே திரும்பிவிடுகிறது. செல்லக்கனி என் காதில், அக்கா, யாரும் பார்க்காத நேரம் ஒரு விரல் பட்டால் போதுமே என்றாள். அது அப்பா காதில் விழுந்துவிட்டது. கை பட்டால் தடம் மாறிவிடும், பிறகு அது பூமி தள்ளியது ஆகாது, நாம் தள்ளியது ஆகும் என்று சத்தம் போட்டார்கள். சுடலையம்மாளும் அதையேதான் சொன்னாள், “யாரும் தொட்டுறாதிய தாயி. கை படாமத்தான் விழணும்.” கோனையாவது உள்ளே நகர்த்தி வைக்கலாமா என்றேன், அதற்கும் இருவருமே வேண்டாம் என்றார்கள். இப்போது அப்பா ஒரு பக்கமும் அவள் ஒரு பக்கமுமாகத் தரையில் உட்கார்ந்து குண்டையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். இன்றைக்கு இது நடக்காவிட்டால் கம்பியை அறுத்துவிட்டுச் சாவியை அண்ணாச்சியிடம் கொடுத்துவிடுவேன் என்று அப்பா சொல்லிவிட்டார்கள். கோன் விழுந்தும் அந்தப் பையனிடமிருந்து போன் வராவிட்டால் அவளுக்கு என்ன சொல்வோம் என்று நான் கேட்கவில்லை. நம் வில்லிபுத்தூர்ப் பக்கத்துத் திருவண்ணாமலைப் பெருமாளுக்கு நேர்ந்துகொள்ளலாம் என்று கையைக் கூப்பினேன், கரண்ட் வர வேண்டும் என்று வேண்டுவதா அந்தப் பிள்ளை பேச வேண்டும் என்று வேண்டுவதா என்று தெரியாமல் அப்படியே நின்றேன்.

எனக்கு நீ ஒன்றே ஒன்று சொல்ல வேண்டும். கரண்ட் திரும்ப வருகிறபோது குண்டு கொஞ்சமாவது ஆடிக்கொண்டிருந்தால், உன் காந்தம் அதே தடத்தில் வீச்சை மறுபடி ஏற்றிவிடுமா, அல்லது முதலிலிருந்துதான் இழுத்துவிட வேண்டுமா? அப்பாவுக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. தெரியவில்லை என்று வாய்விட்டுச் சொன்னதும் இல்லை, ஆனால் நீ அனுப்பிய அந்தக் காந்தப் பெட்டியை இரண்டு தடவை திறந்து பார்த்து மூடிவிட்டார்கள். உங்கள் மியூசியத்தில் கரண்ட் போனால் என்ன செய்வீர்கள் என்பதையும் எழுது. நீங்கள் கையால் தள்ளுவீர்கள் என்றாலும் அதை மறைக்காமல் எழுது.

உனக்கு இப்போதுதான் விடிந்திருக்கும். வெறும் வயிற்றோடு வேலைக்குப் போகாதே, குளிர்த் தொப்பியை மறக்காதே, சனிக்கிழமை எண்ணெய் தேய்த்துக்கொள். நீ எங்கே இருந்தாலும் ஆண்டாள் உன் கூட இருப்பாள், தீர்க்காயுசாக இரு. அப்பாவுக்கு போன் செய்யாதே, செல்லக்கனி நம்பருக்கே எழுது. குண்டு இன்னும் ஆடுகிறது, நிற்பதற்கு முன்னால் பதில் போடு.

இப்படிக்கு,
உன் அம்மா வெள்ளத்தாய்