எளாவூரில் இறங்கிக்கொண்டவனுக்கு

உனக்கு ஒரு நோட்டீஸ் வந்திருக்கிறது. தேர்தல் அறிவித்துவிட்டார்கள், ஆகவே உன் பெயரிலுள்ள இரட்டைக் குழல் துப்பாக்கியை ஏழு நாட்களுக்குள் காவல் நிலையத்தில் ஒப்படைக்க வேண்டும், தவறினால் சட்டப்படி நடவடிக்கை எடுக்கப்படும் என்று அதில் கண்டிருக்கிறது. நீ இறந்து எட்டு மாதமாகிறது. துப்பாக்கியும் அந்த எட்டு மாதமாக அதே காவல் நிலையத்தில்தான் இருக்கிறது. நோட்டீஸில் கையெழுத்துப் போட்டவரின் நாற்காலிக்கும் அது இருக்கும் இரும்பு அலமாரிக்கும் நடுவே பத்தடி இருக்கலாம்.

உன் மனைவி அதை எடுத்துக்கொண்டு நேராக என் வீட்டுக்கு வந்தாள்.

“இன்னாண்ணா இது, அவரையே வந்து குடுக்கச் சொல்றாங்க. குடுக்கலன்னா கேஸு போடுவாங்களாமே. யாரு மேலண்ணா போடுவாங்க?”

இப்படிப்பட்ட காகிதங்களைப் பார்த்தால் முன்பெல்லாம் சிரிப்பு வரும். இப்போது சட்டைப் பையில் பேனா இருக்கிறதா என்று தடவிப் பார்ப்பதோடு சரி.

உன் துப்பாக்கி சம்பந்தமாக எந்தக் காகிதம் வந்தாலும் என் நினைவு ஒரே ஒரு கட்டத்துக்குத்தான் போகிறது. விண்ணப்பத்தில் நான் நிரப்பிய கட்டம். அதைப் பற்றி உன்னிடம் நான் பேசியதில்லை. நீயும் கேட்டதில்லை. கேட்காமலே போய்விட்டாய்.

நீ பட்டாளத்திலிருந்து திரும்பி வந்த புதிது. கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் நம்முடைய செம்புக்கம்பி ஆலைக்கு ஒரு காவலாள் தேவைப்பட்டது. துப்பாக்கியும் அவனே வைத்திருக்க வேண்டும் என்றார்கள். நான் அங்கே சரக்கு அனுப்பும் பிரிவில் எழுத்தன். அரசாணை, டெண்டர் அறிவிப்பு என்று யாரும் படிக்காததையெல்லாம் படிப்பவன் என்பதால் நீ எனக்கு வைத்த பெயர் வாத்தியார். உரிமத்துக்கான விண்ணப்பத்தை கேன்டீன் மேசையில் வைத்து நான்தான் நிரப்பினேன். ஆயுதத்தை எந்தப் பகுதிக்குள் எடுத்துச் செல்ல விரும்புகிறீர்கள் என்று ஒரு கேள்வி. மாவட்டம், மாநிலம், இந்தியா முழுவதும் என்று மூன்று கட்டங்கள்.

“இன்னா போடலாம் வாத்தியாரே?”

“இந்தியா முழுக்கன்னு கேட்டா ஏன், எதுக்குன்னு நூறு கேள்வி வரும்பா. கம்மியா கேட்டா சீக்கிரம் குடுப்பாங்க.”

“அப்ப மாவட்டம்னே போட்டுடேன்.”

“அவ்ளோ கம்மி வேணாம்” என்று மாநிலம் என்ற கட்டத்தில் குறி போட்டேன். தமிழ்நாடு முழுவதையும் உனக்குத் தூக்கிக் கொடுத்த பெருமை அன்றைக்கு என் முகத்தில் இருந்திருக்கும்.

பெரியபாளையம் வழியாக பஸ் மாறி மாறித் திருவள்ளூருக்கு அலைந்து உரிமத்தை வாங்கி வந்தாய். அதிலிருந்த நிபந்தனைகளை உனக்குத் தமிழில் சொன்னேன். துப்பாக்கி உன்னிடம்தான் இருக்க வேண்டும். உரிமம் செல்லுபடியாகும் பகுதியைத் தாண்டக் கூடாது. உரிமம் இல்லாத ஒருவர் கையில் ஒரு நிமிடம்கூடக் கொடுக்கக் கூடாது. மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைத்திருக்கும் சீட்டைப் படிப்பது போல வேகமாகத்தான் படித்தேன். நீ விறைப்பாக நின்று கேட்டுக்கொண்டிருந்தாய். பட்டாளத்தில் உனக்கு ஆணை பிறப்பித்தவர்களை நீ நம்பிய மாதிரி என்னையும் நம்பினாய் என்பது பிறகுதான் புரிந்தது.

அந்தத் துப்பாக்கி ஆலையில் ஒரு முறைகூட வெடிக்கவில்லை. தேர்தல் வரும்போதெல்லாம் அதை ஒப்படைத்துவிட்டு லத்தியோடு வாசலில் நிற்பாய். இந்த இரண்டு மாதம் திருடன் வந்தால் என்ன செய்வாய் என்று ஒரு தடவை கேட்டேன். “அவனும் பூத் வேலையா சுத்திகினு இருப்பான் வாத்தியாரே” என்றாய். ஓட்டு எண்ணி முடிந்ததும் ரசீதைக் காட்டி அதை மீட்டு வந்து, தோல் வாருக்குத் தேங்காய் எண்ணெய் தடவி, முற்றத்தில் காய வைப்பாய்.

பிறகு ஆந்திர எல்லைக்கு அந்தப் பக்கம், தடாவில், நம் கம்பிக்கு ஒரு புதிய வாடிக்கையாளர் கிடைத்தார். வாரத்துக்கு இரண்டு லாரி. செம்பு என்பதால் கூடவே துப்பாக்கியோடு ஓர் ஆள். முதல் நாளே எளாவூர் சோதனைச் சாவடியில் வண்டியை நிறுத்தச் சொல்லி இறங்கிவிட்டாய். டிரைவர் சூளூர்ப்பேட்டைக்காரர், எல்லோரையும் நைனா என்றுதான் கூப்பிடுவார்.

“ஏன் நைனா, வயிறு செரி இல்லியா?”

“எனக்கு லைசென்ஸ் தமிழ்நாட்டுக்குத்தான்பா. நீ போய்ட்டு வா, நான் இங்கயே இருக்கேன்.”

“துப்பாக்கிக்கு பாஸ்போர்ட் லேதா? பலே ஆளு நைனா நீ.”

உண்மையான எல்லை ஆரம்பாக்கத்துக்கும் அப்பால். உனக்குச் சாவடிதான் எல்லை. நடுவிலிருந்த சில கிலோமீட்டரை, சட்டப்படி உனக்குச் சேர வேண்டியதை, நீயே விட்டுக்கொடுத்தாய். அன்று முதல் அதுதான் வழக்கம். கும்மிடிப்பூண்டியிலிருந்து எளாவூர் வரை, ஒரு திருடனும் யோசித்துப் பார்க்காத தூரத்துக்கு, செம்புக்குப் பலத்த காவல். அதற்கு மேல் அது டிரைவரின் பொறுப்பில் போகும். நீ சாவடியை அடுத்த டீக்கடை பெஞ்சில் மடியில் துப்பாக்கியோடு உட்கார்ந்திருப்பாய். லாரி திரும்பி வந்ததும் ஏறிக்கொண்டு, காலி வண்டிக்கும் காவல் இருந்து கொண்டுவந்து சேர்ப்பாய்.

ஒரு நாள் மதியம் எல்லையைத் தாண்டியதும் லாரியின் டயர் வெடித்தது. தனியாக இருக்கப் பயமாக இருக்கிறது, வா என்று டிரைவர் போனில் உன்னைக் கூப்பிட்டார். நீ என்னைக் கூப்பிட்டாய்.

“வாத்தியாரே, இத்த எடுத்துகினு போலாமா?”

“கூடாது.”

“டீக்கடையில வெச்சுட்டு நான் மட்டும் ஓடலாமா?”

“கூடாதுப்பா. லைசென்ஸ் இல்லாதவன் கையில குடுத்த மாதிரி ஆகும்.”

“அப்ப நான் இன்னாதான் பண்ணட்டும்?”

“நில்லு” என்றேன்.

நின்றாய். டீக்கடைக்காரர் பிற்பாடு சொன்னார்: லாரி வரும்வரை, இரண்டு மணி நேரம், நீ பெஞ்சில்கூட உட்காரவில்லையாம். ஆந்திரா பக்கம் பார்த்துக்கொண்டு வெயிலில் நின்றிருக்கிறாய். வைத்துக்கொள்வதற்கு, எடுத்துப் போவதற்கு, கை மாற்றுவதற்கு என்று மூன்று விதிகள். மூன்றையும் மீறாமல் ஒரு மனிதன் நிற்கக்கூடிய இடம் அந்த டீக்கடை வாசல் ஒன்றுதான். அங்கேதான் நின்றாய்.

ஒரு சுருள் கம்பிகூடக் குறையவில்லை. ஆனால் டிரைவர் அதை வேடிக்கைக் கதையாக ஆலையில் சொன்னார், கதை மேலாளர் வரை போனது. அவர் உன்னைக் கூப்பிட்டபோது நானும் அந்த அறையில் இருந்தேன்.

“அப்ப இவ்ளோ நாளா நீ எளாவூர்ல டீ குடிச்சிகினுதான் இருந்தியா?”

“சார், லைசென்ஸ் தமிழ்நாட்டுக்குத்தான் சார்.”

“சரி. இனிமே நீ தமிழ்நாட்டிலயே இருந்துக்கோ.”

உரிமத்தைப் பார்க்காமல் உன்னை அனுப்பியது யார் என்று நான் கேட்டிருக்கலாம். கட்டத்தில் குறி போட்டவன் நான்தான் என்றாவது சொல்லியிருக்கலாம். கையிலிருந்த கோப்பைப் படிப்பது போல நின்றுகொண்டிருந்தேன். நன்றாக நினைவிருக்கிறது, கோப்பு தலைகீழாக இருந்தது.

எல்லையை விரிவுபடுத்தக் கேட்டு அன்றைக்கே ஒரு மனு தட்டச்சு செய்தேன். தேவைக்கு ஆதாரமாக வேலை கொடுப்பவரின் கடிதத்தை இணைக்கும்படி பதில் வந்தது. அப்போது உனக்கு வேலை கொடுப்பவர் யாரும் இல்லை. நீ திருநின்றவூரில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்புக்கு வாட்ச்மேனாகப் போனாய். இரண்டு ரயில் பிடித்து அவ்வளவு தூரம். துப்பாக்கி வீட்டில் பீரோவுக்குள். உன் கையில் ஒரு விசில். “இதுக்கு எல்லை கெடையாது வாத்தியாரே. எங்க வேணா ஊதிக்கலாம்” என்றாய். நான் சிரித்துவைத்தேன். ஒவ்வொரு தடவை உன்னைப் பார்க்கும்போதும் இன்றைக்குச் சொல்லிவிட வேண்டும் என்று நினைப்பேன். ஸ்டேஷன் படியில் அவசரமாக ஏறிக்கொண்டிருப்பவனிடம் எதைச் சொல்வது என்று வீட்டுக்கு வந்துவிடுவேன்.

ஒரு காலையில் நெஞ்சு வலி என்று உட்கார்ந்தாய், அவ்வளவுதான். மறுநாள் உன் மனைவிக்குப் பீரோ ஞாபகம் வந்தது. நான் காவல் நிலையத்துக்குப் போன் செய்தேன்.

“கொண்டாந்து ஒப்படைச்சுடுங்க” என்றார் ஏட்டு.

“யார் சார் கொண்டுவர்றது? எனக்கு லைசென்ஸ் இல்லை.”

“அந்தம்மாவ கொண்டாரச் சொல்லுங்க.”

“அவங்களுக்கும் இல்லை.”

“காலங்காத்தால ஏன் சார் பேஜாரு பண்றீங்க” என்றார். மத்தியானம் இரண்டு காவலர்கள் பைக்கில் வந்தார்கள். உரிமத்தில் எழுதியிருப்பது குழலும் கட்டையும் எண்ணும்தான்; வார் அதில் இல்லை. ஆகவே அதை மட்டும் கழற்றி உன் மனைவியிடம் கொடுத்துவிட்டு, துப்பாக்கியை ஒரு போர்வையில் சுற்றி நடுவில் வைத்துக்கொண்டு போனார்கள்.

இப்போது இந்த நோட்டீஸ். போன வாரம் நானும் உன் மனைவியும் காவல் நிலையத்துக்குப் போனோம். அதே ஏட்டு பட்டியலில் விரலை ஓட்டினார்.

“உரிமதாரர் இன்னும் ஒப்படைக்கல. அவரை வரச் சொல்லுங்க.”

“அவர் இறந்துட்டார் சார். துப்பாக்கி உங்க அலமாரியிலதான் இருக்கு.”

“அது எறந்தவங்க கணக்குல இருக்கு. இது எலெக்‌ஷன் கணக்கு.”

பிறகு அவரே எழுந்து, கீழ்த்தட்டிலிருந்த துப்பாக்கியை எடுத்து மேல்தட்டில் வைத்து, நீ நேரில் ஆஜராகி ஒப்படைத்ததாக ஒரு ரசீது எழுதிக் கொடுத்தார். உன் மேல் இனி எந்த நடவடிக்கையும் கிடையாது. அடுத்த தேர்தலிலும் இந்தத் தொல்லை வேண்டாம் என்றால் ஒரேயடியாக முடித்துவிடுங்கள் என்று படிவம் ஒன்றையும் நீட்டினார். அரசிடம் விட்டுவிடலாம், விற்கலாம், அல்லது வாரிசு தன் பெயருக்கு உரிமம் கேட்கலாம்.

வெளியே பாதாம் மரத்தடி பெஞ்சில் உட்கார்ந்தோம். “உட்டுடுங்கண்ணா. அத்த வெச்சிகினு நான் யாரை சுடப்போறேன்” என்றாள். வேண்டாத பகுதிகளைக் கோடு போட்டு அடித்துக்கொண்டே வந்தேன். வாரிசுக்கான பகுதியில் அந்தக் கேள்வி இருந்தது. மாவட்டம், மாநிலம், இந்தியா முழுவதும். பேனா நின்றுவிட்டது.

இத்தனை வருடம் உன்னிடம் சொல்லாததை அவளிடம் சொன்னேன். இந்தக் கட்டத்தில் அன்றைக்கு நான் தப்பாகக் குறி போட்டேன், அதனால்தான் அவனுக்கு வேலை போனது என்றேன்.

அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். “தெரியும்ணா. வேலை போன அன்னிக்கே சொன்னாரு. ‘எனக்கும் வாத்தியாருக்கும் பெரிசா கேட்டுப் பழக்கமில்ல, உடு’ன்னாரு. உங்ககிட்ட கேக்கக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வேற வாங்கினாரு.”

நான் கோடு போட்டேன். அவள் கையெழுத்துப் போட்டாள். வீட்டுக்கு வந்ததும் அந்த வாரை எடுத்து வந்து கொடுத்தாள். நல்ல தோல், எண்ணெய் வாசனை இன்னும் போகவில்லை. என் பையின் வார் அறுந்து ஒரு வருடமாக முடிச்சுப் போட்டு வைத்திருந்தேன்; இதை மாட்டிக்கொண்டேன். உரிமத்தில் இல்லாத பொருள் என்பதால் இதை யாரும் எங்கேயும் எடுத்துப் போகலாம்.

நேற்று தடாவில் ஒரு வேலை இருந்தது. எளாவூரில் பஸ் நின்று கிளம்பியது. யாரும் என்னை எதுவும் கேட்கவில்லை. ஆரம்பாக்கம் தாண்டியதும் பலகைகளில் எழுத்து மாறியது. ரோடு மாறவில்லை. லாரிகளும் மாறவில்லை. நீ அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்ற அந்த இரண்டு மணி நேரத்தில் தவறவிட்டது எதுவும் அங்கே இல்லை. அதையும் உன்னிடம் சொல்லிவிடுகிறேன்.

திரும்பும்போது சாவடியில் இறங்கி, உன் பெஞ்சில் உட்கார்ந்து டீ சொன்னேன். கடைக்காரர் என் தோளைப் பார்த்தார்.

“இது அந்தத் துப்பாக்கிக்காரரு பெல்ட்டாச்சே. அவரு இப்பல்லாம் இந்தப் பக்கம் வர்றதே இல்லியே?”

“இல்ல.”

“கடைசியா டீ பாக்கி குடுக்க வந்தப்ப, லைசென்ஸு இன்னும் தூரம் போறாப்புல எழுதிப் போட்டிருக்குன்னாரு. வந்துச்சா?”

“வந்துச்சு” என்றேன்.

“எதுவரைக்கும் குடுத்தாங்க?”

இரண்டு ஆந்திரா லாரிகள் தாண்டிப் போகும்வரை காத்திருந்து சொன்னேன்.

“இந்தியா முழுக்க.”