ஷெரீஃபின் துப்பாக்கி

நவம்பர் 20, வியாழன்

நான் நர்ஸாகப் பார்த்துக்கொள்ளும் பெரியவர், ஒரு காலத்தில் அமெரிக்க டிவியில் கௌபாய் தொடர் ஒன்றில் ஷெரீஃபாக, அதாவது ஊர்க் காவல் அதிகாரியாக, நடித்தவர். ஒன்பது வருடம் குதிரையேறிச் சுட்டிருக்கிறார். தொடர் நின்றபின் யாரும் கூப்பிடவில்லை. இப்போது துபாயில் மகள் வீட்டில், மறதியோடு இருக்கிறார்.

இன்று சாயங்காலம் சாப்பாடு கொண்டுவந்த டெலிவரிக்காரர் ஹெல்மெட்டைக் கழற்றாமல் கேட் அருகே நின்றார். பெரியவர் ஜன்னல் வழியே பார்த்து, "முகத்தை மூடிக்கொண்டு வந்திருக்கிறான்" என்றார். தலையணைக்கு அடியிலிருந்து துப்பாக்கியை எடுத்துக் குறிவைத்தார். காலையில் ஸ்பூன் பிடிக்க முடியாத கை, அப்போது நடுங்கவே இல்லை. நான் பாய்ந்து அதைக் கீழே அழுத்தினேன். பொம்மைத் துப்பாக்கிக்கு அவ்வளவு கனம் இருக்காது.

மகள் ஓடிவந்து பிடுங்கிக்கொண்டார். "ஷூட்டிங்கில் வைத்திருந்த பொம்மை, சிஸ்டர். யாரிடமும் சொல்லவேண்டாம்" என்றார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டு டிரைவர் ஜலீல் பாயிடம் மட்டும் சொன்னேன். கீழக்கரைக்காரர். "இந்த ஊர்ல துப்பாக்கின்னா சும்மா இல்ல தங்கச்சி. போலீஸ் வந்தா மொதல்ல ஒன்னயத்தான் கேப்பாங்க. லீவு போட்டு ஊருக்குப் போயிரு" என்றார். நான் போய்விட்டால் பெரியவரை யார்...

படுக்க வைத்தபோது பெரியவர் தெளிவாக இருந்தார். என் கையைத் தட்டிக்கொடுத்தார்.

"பயப்படாதே. அவள் ஒன்றைத்தான் எடுத்தாள். ஷெரீஃபிடம் எப்போதும் இரண்டு இருக்கும்."

அறை முழுக்கத் தேடிவிட்டேன். அவர் படுத்திருக்கும் மெத்தைக்கு அடியில் மட்டும்தான் பார்க்கவில்லை. தூங்கட்டும் என்று நாற்காலியில் காத்திருக்கிறேன். இன்னும் தூங்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.