பின்னால் நடந்த ஊர்வலம்

சான்பிரான்சிஸ்கோ,
1904, இரண்டாம் மாதம்

அன்புள்ள குவாய்ஃபாங்,

மனதைத் திடப்படுத்திக்கொண்டு படி. உன் அப்பா இருமி இருமியே போய்விட்டார். நேற்று அடக்கம். மகன் இல்லாத குறைக்கு மருமகன் நானே வெள்ளை உடுத்தி நடந்தேன். பேய்கள் வழி தடுமாற, துளையிட்ட காகிதங்களை வீசிக்கொண்டே போனோம். நீ எதற்குப் பயப்படுவாய் என்று தெரியும். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. சவப்பெட்டி ஓரடிகூடப் பின்வாங்கவில்லை; செத்தவர் திரும்பி வர வழியில்லை.

நானும் அவரும் வேலை செய்த சலவைக்கடையிலிருந்து ஊர்வலம் கிளம்பும்போது, எதிரே ஒரு வெள்ளைக்காரன் சினிமாப் பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டு, "நல்லா அழுங்கடா, வெளிச்சம் போகுது!" என்று கத்தினான். கை துடித்தது. அடித்தால் என்னைக் கப்பலேற்றி ஊருக்கே அனுப்பிவிடுவார்கள்.

சுன்ஹோய்

தொய்சான்,
சீனா, நான்காம் மாதம்

என் கணவருக்கு வணக்கம்.

அப்பா கப்பலேறியபோது எனக்கு ஏழு வயது. முகம்கூடச் சரியாக நினைவில்லை. அவர் பெட்டி பின்வாங்காமல் போய்ச் சேர்ந்தது என்பதால்தான் தூங்குகிறேன். நீங்கள் இருக்கும் அந்தத் தங்கமலையிலிருந்து வந்திருக்கும் பக்கத்து வீட்டு அண்ணன், "படத்துல ஆளுங்க நெசமாவே நடப்பாங்க தங்கச்சி, காசு குடுத்தா பாக்கலாம்" என்கிறார். என் கண்ணாக இருந்து அந்த ஊர்வலப் படத்தை ஒருமுறை பாருங்கள். ஒன்றுவிடாமல் எழுதுங்கள்.

நீங்கள் எப்போது வருவீர்கள் என்று இந்தத் தடவை கேட்கவில்லை.

குவாய்ஃபாங்

சான்பிரான்சிஸ்கோ,
ஆறாம் மாதம்

குவாய்ஃபாங்,

போனேன். நம் ஆட்களுக்கு மேல்மாடி மூலைதான். படத்தில் சவப்பெட்டி நேராகத்தான் போனது, அழுதேன். அதோடு எழுந்து வந்திருக்கலாம்.

சிரிப்புக்காக அதே படத்தைப் பின்னோக்கி ஓட்டினார்கள். தரையில் கிடந்த காகிதமெல்லாம் பறந்து எங்கள் கைக்குள் வந்தது. சவவண்டிக் குதிரைகள் பின்னால் நடந்தன. நானும் பின்னால் நடந்தேன். சவப்பெட்டி நம் கடைக்குள் போய்விட்டது. கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.

பின்னோக்கி ஓட்டாதே என்று படம் ஓட்டுகிறவனிடம் கெஞ்சினேன். "ஏன்டா, செத்தவன் திரும்பி வந்தா உனக்குக் கசக்குதா?" என்றான். நம் சங்கத் தலைவரோ, "கோர்ட்டுக்குப் போனா மொதல்ல நீ இங்க இருக்கறதுக்கான பதிவுச்சீட்டத்தான் கேப்பான். போய்ச் சட்டையைத் துவை" என்கிறார். தினமும் ஓட்டுகிறார்கள். பொய் எழுதியிருக்கலாம். தனியாகத் தாங்க முடியவில்லை.

சுன்ஹோய்

தொய்சான்,
எட்டாம் மாதம்

உங்களுக்கு,

பூசாரியிடம் போனேன். "இதுக்கு நம்மகிட்ட மந்திரம் இல்லம்மா" என்று சொல்லிவிட்டார்.

தினமும் அப்பாவை அந்தக் கடைக்குள்ளேயே கொண்டுவந்து விடுகிறார்கள். அங்கே அவர் வேறென்ன செய்வார்? இருமிக்கொண்டே இஸ்திரி போடுவார். செத்தும் அவரை விடவில்லை. உங்களைக் குறை சொல்லவில்லை. ஆனால் உங்கள் கடிதத்தைப் பார்த்தாலே நீங்கள் பின்னால் நடந்து வருவதுதான் தெரிகிறது. இனி எழுத வேண்டாம்.

கடையில் அவருக்கு ஒரு கிண்ணம் சோறு வையுங்கள்.

குவாய்ஃபாங்