லொரெட்டோவின் வாய்

செர்ரோ பிளாங்கோ,
அல்மேரியா.
10 ஜனவரி 1990

பேத்தி கசில்தாவுக்கு உன் பாட்டி எலாதியா எழுதிக்கொள்வது. உயிரோடு இருக்கிறேன். முழங்கால் மட்டும் என் பேச்சைக் கேட்பதில்லை, மற்றபடி இந்தத் தெருவில் எல்லாரும் கேட்கிறார்கள். மத்ரீத் குளிர் உனக்கு ஒத்துக்கொள்கிறதா, வயிற்றுக்கு ஒழுங்காக ஏதாவது போடுகிறாயா என்று கேட்பது முறை. கேட்டுவிட்டேன். இனி விஷயத்துக்கு வருகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில் நீ சொன்னதற்குப் பதில் சொல்லாமல் வைத்துவிட்டேன். வேறென்ன செய்வது? தொலைபேசி இருப்பது ஒப்துலியாவின் புகையிலைக் கடையில். அவள் தபால்தலை கிழிப்பதுபோல் பாவனை செய்துகொண்டு காதை என் பக்கம் நீட்டியிருந்தாள். பக்கத்தில் லொரெட்டோவின் அம்மா பெனீத்தா வேறு நின்றாள், தன் மகளைப் பற்றி நீ ஏதாவது சொல்வாயா என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டு. நீ என்ன சொன்னாய்? "தொண்டை கட்டிப்போச்சு பாட்டி. படத்துல லொரெட்டோ பேசுறதை எல்லாம் ஒலிப்பதிவுக் கூடத்துல உக்காந்து நானே திரும்பப் பேசிக்கிட்டிருக்கேன்" என்றாய். தலைவலி என்று சொல்வதுபோல் சொன்னாய். "பாப்பா என்ன சொல்லுது?" என்று பெனீத்தா கேட்டாள். தொண்டை கட்டியிருக்கிறதாம் என்றேன். பொய் இல்லை. ஆனால் அதைச் சொன்ன வாயைக் கொப்பளிக்க வேண்டும்போல் இருந்தது.

தொலைபேசி என்றால் நீ குறுக்கே பேசுவாய். கடிதத்தில் குறுக்கே பேச முடியாது. உட்கார்ந்து படி.

போன கோடையில் நீ உன் படத்தை எடுக்க இங்கே வந்தபோது சத்தம் பதிய ஃபெர்மின் என்று ஒருவனைக் கூட்டி வந்தாய், இரண்டு காதிலும் கிண்ணம் கவிழ்த்ததுபோல் ஒன்றை மாட்டிக்கொண்டு திரிந்தானே, அவன். அவன் கையைத் தூக்கினால் ஊர் மூச்சு விடக் கூடாது. என் கோழிகளை மேட்டுத் தெருவுக்குக் கொண்டுபோய் விட்டேன். பங்குச் சாமியார் மாலை மணியை நிறுத்தினார், என் கல்யாணத்துக்குக்கூட மணியடிக்க முணுமுணுத்த பரம்பரை அது. ஆடு மேய்க்கும் ருப்பெர்த்தோ ஆட்டு மணிகளுக்குள் துணியைத் திணித்துவிட்டு, "ஏன் எலாதியா, மூச்சு விடலாமா, இல்ல அதுக்கும் உன் பேத்திகிட்ட உத்தரவு வாங்கணுமா?" என்று கேட்டான். வாயை மூடிக்கொண்டு போ என்றேன். போனான். லொரெட்டோ துறைமுகத்தில் நின்று தகப்பனைத் திட்டுகிற காட்சியன்று அதே ருப்பெர்த்தோ சத்தம் வராமல் அழுவதற்குத் தன் தொப்பியைக் கடித்துக்கொண்டு நின்றதை நானே பார்த்தேன்.

எதற்காக இவ்வளவும்? நீதான் என் சமையலறையில் உட்கார்ந்து சொன்னாய்: "இந்தப் படத்துல கேக்குற குரல் இந்த ஊர்க் குரலாத்தான் இருக்கும் பாட்டி. அதுக்காகத்தான் நானே எழுதி நானே எடுக்கிறேன்." அதை நம்பித்தான் பெனீத்தா வீட்டுக்குப் போனேன். அவள், "சினிமாவா? உங்க பேத்தியைத் தொட்டித் தண்ணியில உக்கார வச்சுக் காட்டுனாங்களே, அந்தச் சினிமாவா?" என்று கேட்டாள். இது வேறு, எடுப்பவள் என் பேத்தி என்று கடலன்னை மாதா மேல் ஆணையிட்டுச் சொன்னேன். தக்காளிக் கொட்டகையில் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்த பெண்ணை நான்தான் கையைப் பிடித்து உன்னிடம் ஒப்படைத்தேன்.

அந்தத் தொட்டிப் படத்தை நீ மறந்திருக்கலாம். நான் மறக்கவில்லை. சர்வாதிகாரி செத்து ஒன்றிரண்டு வருடம், பட முதலாளிகள் எல்லாருக்கும் திடீரென்று சுதந்திரம் வந்துவிட்டது, பெண்களின் துணியை உருவுகிற சுதந்திரம். உனக்கு இருபத்தொரு வயது. கடற்கரையில் வெள்ளைச் சுவரில் படம் காட்டுவார்கள், நான் வாசலில் சூரியகாந்தி விதை விற்பேன். உன் அம்மா சால்வையால் முகத்தை மூடினாள். பின்வரிசை ஆண்கள் சீட்டியடித்தார்கள். யார் யார் அடித்தார்கள் என்று இன்றைக்கும் பெயர் சொல்வேன், இரண்டு பேர் செத்தும் விட்டார்கள், போய்த் தொலையட்டும். எனக்கு உன் உடம்பைப் பார்த்து வெட்கம் வரவில்லை. அதைக் குளிப்பாட்டியவளே நான்தான். நீ வாயைத் திறந்தாய், கசில்தா. அப்போதுதான் எனக்கு வெட்கம் வந்தது. வந்தது உன் குரல் இல்லை. வெளிநாட்டுப் படங்களில் எந்த மஞ்சள் முடிக்காரி வந்தாலும் நம் பாஷையில் அவளுக்காகப் பேசுவாளே ஒருத்தி, மத்ரீதில் சம்பளத்துக்கு உட்கார்ந்து, அவள் குரல். உன் உடம்பு அவர்களுக்கு வேண்டியிருந்தது. அதற்குள் இருந்த ஊர் வேண்டியிருக்கவில்லை.

அந்த முதலாளி உன்னிடம் சொன்னதை நீயே எனக்குச் சொன்னாய். "இந்தப் பேச்சை வச்சுக்கிட்டு நீ சூப் கொண்டுவந்து வைக்கிற வேலைக்காரிதான்மா" என்றானாம். அப்புறம் எத்தனை படத்தில் சூப் கொண்டுவந்து வைத்தாய்! எவனும் எனக்கு ஒரு முழு வாக்கியம் எழுதித் தரமாட்டான், நானே எழுதிக்கொள்கிறேன் என்று கதை எழுத உட்கார்ந்தாய். பத்து வருடம் எழுதினாய். அதையெல்லாம் வேறு ஆட்கள் தங்கள் இஷ்டத்துக்கு எடுத்துக் கெடுத்தார்கள். இப்போதுதான் உன் கையில் ஒரு படம் வந்திருக்கிறது. அந்தக் கையால் நீ செய்த முதல் காரியம் இதுவா? ஒருத்தி வாயில் உன் எச்சிலைத் துப்பிவைப்பதா?

எனக்குத் தப்பாகக் காது கேட்டது என்று எழுது. எழுபத்தாறு வயதுக் கிழவிக்குக் காது தப்பாகக் கேட்கும் என்று ஒப்துலியாவிடம்கூடச் சொல்லிக்கொள்கிறேன்.

பாட்டி எலாதியா


செர்ரோ பிளாங்கோ,
24 ஜனவரி

கசில்தா,

உன் கடிதம் கிடைத்தது. என் காது நன்றாகத்தான் கேட்டிருக்கிறது.

வடக்கே இருப்பவர்களுக்கு லொரெட்டோ பேசுவது புரியாது என்று எழுதியிருக்கிறாய். கௌபாய்ப் படம் எடுக்க இங்கே வந்த இத்தாலிக்காரனுக்கும் ஜெர்மன்காரனுக்கும் எங்கள் பேச்சு புரிந்தது, வெயிலில் நின்று சாவதுபோல் நடி என்றபோது நாங்கள் கேட்ட கேள்வியெல்லாம் புரிந்தது. சொந்த நாட்டுக்காரனுக்குப் புரியாதாம். அவனுக்கு மணலையும் கடலையும் நம் பேச்சைக் கழுவிவிட்டுக் காட்ட வேண்டுமாம். படத்துக்குப் பணம் கொடுத்த தொலைக்காட்சிக்காரர்கள் இதை நிபந்தனையாகப் போட்டார்கள் என்கிறாய். போடட்டும். நாய் குரைப்பது அதன் வேலை. கூடவே நீயும் ஏன் குரைத்தாய்?

அதைவிட எனக்கு அருவருப்பாக இருந்தது உன் அடுத்த வரி. யாரோ ஒருத்தி பேசுவதைவிட நான் பேசுவது நல்லதுதானே, அவள் மேல் எனக்கு அன்பு இருக்கிறதே என்று எழுதியிருக்கிறாய். திருடன் வீட்டுக்காரன் மேல் அன்பு வைத்தால் திருட்டு விருந்தாகிவிடுமா?

இங்கே நடப்பது உனக்குத் தெரியாது. தக்காளிக் கொட்டகைப் பெண்கள் எல்லாரும் சேர்ந்து அல்மேரியாவுக்குப் பேருந்து பேசி வைத்திருக்கிறார்கள், முதல் நாளே படத்தைப் பார்க்க. லொரெட்டோவுக்குப் பக்கத்து இடத்துக்குச் சண்டையே நடந்திருக்கிறது. அவள் திரையில் வாயைத் திறந்து, உன் மத்ரீத் குரல் வெளியே வந்தால், அத்தனை பேர் நடுவில் அந்தப் பெண் எங்கே ஓடுவாள்? நான் வெள்ளைச் சுவருக்கு முன்னால் நின்றவள். எனக்குத் தெரியும். இன்னொரு முறை பார்க்க எனக்குத் தெம்பில்லை.

அதனால் நீ சொல்வாய் என்று காத்திருக்காமல் நானே சொல்லிவிட்டேன். கொட்டகை வாசலில், வேலை விட்டு வரும்போது. அந்தப் பெண்ணை உனக்குத் தெரியுமே, தெருக்கோடியில் இருந்து திட்டினால் கடலில் இருக்கிறவன் திரும்பிப் பார்ப்பான். கத்துவாள் என்று நினைத்தேன். கத்தட்டும் என்றுதான் சொன்னேன். அவள் கையில் ஒட்டியிருந்த பச்சைக் கறையைத் தேய்த்துக்கொண்டே நின்றாள். அப்புறம், "அக்கா குரல் நல்லாத்தான் இருக்கும் பாட்டி. அவங்க படிச்சவங்க. எனக்குப் பேசத் தெரியலைன்னு தோணியிருக்கும்" என்றாள்.

இதைக் கேட்டபோது எனக்கு உன் மேல் வந்த வெறுப்பை எந்தத் தாளிலும் எழுத முடியாது.

அவள் இப்போது பேசுவதில்லை என்று பெனீத்தா சொல்கிறாள். உப்பு வேண்டுமா என்று கேட்டால் தலையை ஆட்டுகிறாளாம். பெனீத்தா என்னைப் பார்த்தால் பாதையின் அந்தப் பக்கம் போய்விடுகிறாள். போகட்டும், அவளுக்கு உரிமை உண்டு. ஆணையிட்டது நான்.

கடவுள் உனக்குப் புத்தியைக் கொடுக்கட்டும். என்னிடம் இருந்ததை எல்லாம் கொடுத்தாகிவிட்டது.

எலாதியா


செர்ரோ பிளாங்கோ,
4 பிப்ரவரி

கசில்தா கண்ணுக்கு,

நேற்று முன்தினம் நீ தொலைபேசியில் என்னைத் திட்டியதைப் பற்றி எழுதுகிறேன்.

ஒப்துலியா ஆள் அனுப்பினாள், ஓடி வந்தேன், என் காலால் ஓட முடிந்த அளவுக்கு. "நானே வந்து அவகிட்ட சொல்லியிருப்பேன்! உன்னை யாரு முந்திக்கச் சொன்னா? எல்லாத்துலயும் மூக்கை நுழைக்கணுமா உனக்கு?" என்று ஆரம்பித்தாய். ஆண்பிள்ளைக்கு முதல் படம் கவிழ்ந்தால் இரண்டாவது கொடுப்பான், பெண்பிள்ளைக்கு முதல் படத்திலேயே சுருக்கை மாட்டி வைப்பான், எனக்கு முப்பத்துநாலு வயது, நான் எங்கே போய் நிற்பேன் என்று கத்தினாய். காதில் இருந்து கருவியை ஒரு முழம் தள்ளிப் பிடித்தும் கேட்டது. கடை முழுக்கக் கேட்டது.

நான் ஏன் பதில் சொல்லவில்லை தெரியுமா? நீ கத்தியது எங்கள் பேச்சில். ஒவ்வொரு சொல்லின் வாலையும் விழுங்கி, உன் அம்மா கத்துவதுபோல், நான் கத்துவதுபோல். பதிமூன்று வருடமாக நீ என்னிடமே மத்ரீத் பேச்சில்தான் நலம் விசாரித்தாய். கோபம் வந்ததும் உள்ளே இருந்தவள் எழுந்து வந்துவிட்டாள்.

லொரெட்டோ கடையில் இருந்தாள். நான் கூப்பிடவில்லை, அப்பாவுக்குச் சுருட்டு வாங்க வந்தவள். உன் சத்தத்தைக் கேட்டு அப்படியே நின்றாள். "அட, இது கசில்தா அக்காவா? நம்மள மாதிரியே பேசுறாங்களே!" என்றாள். எத்தனையோ நாள் கழித்து அவள் வாயிலிருந்து வந்த முதல் பேச்சு அதுதான். என் கையிலிருந்து கருவியைப் பிடுங்கிக்கொண்டாள். அப்புறம் நடந்தது உனக்கே தெரியும். ஆனாலும் எழுதுகிறேன். நான் சாகும்வரை மறக்கமாட்டேன், நீயும் மறக்கக் கூடாது.

"அக்கா, நான் லொரெட்டோ. நல்லா இருக்கீங்களா? உங்களுக்கு நம்ம பேச்சு இன்னும் பத்திரமா இருக்கே அக்கா. அதை நீங்க உள்ள ஒளிச்சு வச்சுக்கிட்டு, என் வாயில மட்டும் எதுக்கு அந்த ஊர்ப் பேச்சைத் திணிச்சீங்க? எனக்குப் படம் வேணாம். என் வாயைத் திருப்பிக் குடுத்துடுங்க."

அழவில்லை. ருப்பெர்த்தோ தொப்பியைக் கடித்த அன்றைக்குப் பேசினாளே, அதே குரலில் பேசினாள். ஒப்துலியா, நாற்பது வருடமாக ஊர்ப் பேச்சை ஒட்டுக்கேட்டே பிழைத்தவள், முதல்முறையாக முகத்தைத் திருப்பிக்கொண்டு ஜன்னல் வழியாகக் கடலைப் பார்த்தாள். நான் கருவியை வாங்கிக் காதில் வைத்தபோது நீ இன்னும் வைக்கவில்லை. உன் மூச்சு எனக்குத் தெரியும்.

நீ என்ன செய்யப்போகிறாய் என்று எனக்குத் தெரியாது. ஃபெர்மின் பதிந்த ஒலி எங்கோ பத்திரமாக இருக்கும், அவன் எதையும் எறிகிற ஆள் இல்லை. முதலாளிகளோடு எப்படிப் பேசுவது என்று சொல்லித்தர எனக்குப் படிப்பும் இல்லை. என்னிடம் கத்தியதுபோல் கத்திப் பார். நான் மன்னிப்பதில் கெட்டிக்காரி இல்லை, உனக்குத் தெரியும், அந்தத் தொட்டிப் படக்காரனை இன்னும் மன்னிக்கவில்லை. உன்னையும் அந்த வரிசையில் நிறுத்த வைத்துவிடாதே. அந்த வரிசையில் நிற்பவர்களுக்கு நான் சமைத்துப் போடுவதில்லை.

நேற்று புனித பிளாசியார் திருநாள். தொண்டைக்காக ரொட்டி ஆசீர்வதித்துக் கொடுத்தார்கள். லொரெட்டோ தன் பங்கைக் கோயில் வாசலிலேயே தின்றுவிட்டாள். உன் பங்கைத் துணியில் சுற்றி வைத்திருக்கிறேன். தபாலில் அனுப்பமாட்டேன். ஒவ்வொரு நாளும் கொஞ்சம் கல்லாகிக்கொண்டு வருகிறது, என் பல்லுக்கு இனி ஆகாது. பெனீத்தா வீட்டுக்கு முதலில் போய்விட்டு, அப்புறம் இங்கே வந்து தின்னு.

கடலன்னை உன் தொண்டையைக் காக்கட்டும்.

உன் பாட்டி
எலாதியா